ஓணானுக்குத் தம்பி முறை: பியர்டட் டிராகன் குட்டியைப் புரிந்துகொள்வது எப்படி?

"வேலியில போற ஓணானை எடுத்து வேட்டிக்குள்ள விட்டுக்கிட்ட கதை" என்று ஒரு பழமொழி உண்டு. சும்மா இருந்த வம்பை விலைக்கு வாங்குகிறவர்களைப் பார்த்து வீட்டுப் பெரியவர்கள் சொல்வது. இப்போது நிஜமாகவே காசு கொடுத்து ஓணானின் சொந்தக்காரன் ஒருவனை வாங்கி, பெட்டியில் வைத்து வளர்க்கிறவர்கள் நம்ம ஊரில் இருக்கிறார்கள். ராயபுரம், தண்டையார்பேட்டை, திருவொற்றியூர் பக்கம் உங்கள் நண்பர் வட்டத்திலேயே ஒருத்தர் இருக்கலாம். அந்தச் சொந்தக்காரன் பெயர் பியர்டட் டிராகன். தமிழில் தாடி ஓணான் என்று வைத்துக்கொள்ளலாம்.

இதை வாங்க நினைக்கிறவர்கள் முதலில் கேட்கும் கேள்வி, "மச்சி, அது நம்மகிட்ட பாசமா இருக்குமா?" என்பதுதான். நேராகவே பதில் சொல்லிவிடலாம். நாய் மாதிரி வாலை ஆட்டிக்கொண்டு வாசலுக்கு ஓடி வராது. ஆனால் உங்களைப் பார்த்துப் பயப்படாமல் இருக்க அதனால் கற்றுக்கொள்ள முடியும். பயமே வாழ்க்கையாக இருக்கும் ஒரு சின்ன உயிர், உங்கள் கை பக்கத்தில் வரும்போது ஓடாமல் நிற்கிறது என்றால் அது சின்ன விஷயம் இல்லை. அதுக்கு முதல் படி கொஞ்சுவது இல்லை. வெப்பம், வெளிச்சம், சாப்பாடு மூன்றையும் சரி பண்ணுவதுதான். உடம்பு சரியில்லாத குட்டிக்கு யார் மேலும் நம்பிக்கை வராது.

இந்தக் கட்டுரையை ஒரு சின்ன கோர்ஸ் மாதிரி படிக்கலாம். மொத்தம் ஆறு பாடம், கடைசியில் ஒரு வீட்டுப்பாடம்.

பாடம் 1: யார் இந்த டிராகன்?

அறிவியல் பெயர் போகோனா விட்டிசெப்ஸ். 'போகோன்' என்றால் கிரேக்க மொழியில் தாடி. கழுத்துக்குக் கீழே முள் முள்ளாக இருக்கும் தோலை உப்ப வைத்தால் தாடி மாதிரியே இருக்கும். சொந்த ஊர் ஆஸ்திரேலியாவின் உள்நாட்டு வறண்ட நிலம். ஆஸ்திரேலியா தன் நாட்டுக் காட்டுயிர்களை வியாபாரத்துக்காக வெளியே அனுப்புவதைப் பல பத்தாண்டுகளாகத் தடை செய்திருக்கிறது. எனவே வெளிநாட்டு வீடுகளில் இருக்கும் டிராகன்கள் பெரும்பாலும் கூண்டிலேயே பிறந்து, தலைமுறை தலைமுறையாகக் கூண்டிலேயே வளர்ந்தவை.

முட்டையிலிருந்து வெளியே வரும்போது தலை முதல் வால் வரை சுமார் 10 சென்டிமீட்டர்தான். முழுசாக வளர்ந்தால் 45 முதல் 60 சென்டிமீட்டர். நன்றாகப் பார்த்துக்கொண்டால் பத்து வருஷம், அதற்கு மேலும் வாழும். இந்தப் பத்து வருஷக் கணக்கை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் தேவைப்படும்.

இதுவும் நம்ம வேலி ஓணானும் அகாமிடே என்ற ஒரே குடும்பம். தலையாட்டுவது, வெயில் காய்வது, கழுத்தின் நிறத்தை மாற்றுவது எல்லாம் இரண்டுக்கும் பொது. ராமருக்குத் தாகம் எடுத்தபோது அணில் இளநீர் கொடுத்தது, ஓணான் மூத்திரம் கொடுத்தது என்று கதை சொல்லிச் சொல்லி ஓணானைக் கல்லால் அடித்த ஊர் நம்முடையது. ஆண் ஓணானின் கழுத்து இனப்பெருக்கக் காலத்தில் சிவப்பாக மாறும். அதைப் பார்த்துத்தான் வெள்ளைக்காரர்கள் அதற்கு 'ரத்தம் உறிஞ்சி' என்று பெயர் வைத்தார்கள். பாவம், அது உறிஞ்சுவது யார் ரத்தத்தையும் இல்லை. எறும்பும் பூச்சியும்தான் அதன் சாப்பாடு.

பாடம் 2: வெப்பம்

ஊர்வனவற்றின் உடம்புக்குள் ஹீட்டர் கிடையாது. சாப்பிட்டதைச் செரிக்க, ஓட, நோயை எதிர்க்க எல்லாவற்றுக்கும் வெளியே இருந்து வெப்பம் வேண்டும். அதனால் பெட்டியின் ஒரு பக்கம் சூடாகவும் இன்னொரு பக்கம் குளிர்ச்சியாகவும் இருக்க வேண்டும். வெயில் காயும் இடத்தில் கல் அல்லது கட்டையின் மேற்பரப்பு சுமார் 40 டிகிரி. எதிர் முனையில் 25 முதல் 28 டிகிரி.

நம்ம பாஷையில் சொன்னால் இது ஒரு கண்ட்ரோல் சிஸ்டம். இதில் கண்ட்ரோலர் நீங்கள் மாட்டிய தெர்மோஸ்டாட் இல்லை, அந்தப் பல்லிதான். உடம்பு குளிர்ந்தால் சூட்டுப் பக்கம் போகும், சூடானால் குளிர்ப் பக்கம் வரும். நாள் முழுக்க அந்த லூப் ஓடிக்கொண்டே இருக்கும். நம்ம வேலை இரண்டு முனையையும் சரியாகக் கொடுப்பது மட்டும்தான். ஒரு முனை இல்லையென்றால் கண்ட்ரோலர் எவ்வளவு நல்லதாக இருந்தாலும் சிஸ்டம் ஃபெயில்.

யூடியூபில் இருக்கும் வீடியோக்களில் பெரும்பாலானவை அமெரிக்கா, இங்கிலாந்து ஆட்கள் எடுத்தவை. அவர்கள் ஊர் குளிர். அதனால் எப்படிச் சூடாக்குவது என்றுதான் சொல்லித் தருவார்கள். எண்ணூரில் நம்ம பிரச்சினை தலைகீழ். அக்னி நட்சத்திர நேரத்தில் ஆஸ்பெஸ்டாஸ் ஷீட் போட்ட மாடி அறையில் மத்தியானம் 36, 37 டிகிரி சாதாரணம். அதே அறையில் பல்பும் எரிந்தால் பெட்டியில் குளிர்ப் பக்கம் என்று ஒன்றே இருக்காது. குட்டிக்கு ஓட இடம் இல்லை. உடம்பின் வெப்பம் 40 டிகிரியைத் தாண்டிப் போய்க்கொண்டே இருந்தால் உயிருக்கே ஆபத்து. சென்னையில் குட்டி டிராகனைக் குளிரைவிடச் சூடுதான் முதலில் மிரட்டும்.

என்ன செய்யலாம்?

பெட்டியைக் கீழ்த்தளத்தில், மேற்கு வெயில் படாத சுவரோரம் வையுங்கள். ஏப்ரல், மே மாதங்களில் வெயில் பல்பைக் காலையில் மட்டும் எரியவிட்டு, அறை சூடாகும் முன் அணைத்துவிடுங்கள். குளிர்ப் பக்கத்தில் தரை டைல்ஸ் ஒன்றைப் போடுங்கள். இரண்டு முனையிலும் ஒவ்வொரு டிஜிட்டல் தெர்மாமீட்டர் கட்டாயம். கையால் தொட்டுப் பார்த்து "ஓகேதான்" என்று சொல்வது அளவீடு ஆகாது. ராத்திரியில் ஹீட்டர் வேண்டாம். மார்கழியில்கூட நம்ம ஊர் ராத்திரி 20 டிகிரியை ஒட்டித்தான் இருக்கும், அது தாங்கும்.

அடுத்தது ஈரப்பதம். டிராகனுக்கு 30 முதல் 40 சதவீதம் போதும். கடலோரத்தில் நமக்கு 75 சதவீதம் சர்வ சாதாரணம். இங்கே ஒரு சின்னக் கணக்கு போடலாம். 28 டிகிரியில் 75 சதவீத ஈரப்பதம் உள்ள காற்றை, நீராவி கூடாமல் குறையாமல், 40 டிகிரிக்குச் சூடாக்கினால் ஈரப்பதம் சுமார் 38 சதவீதமாக இறங்கும். அதாவது வெயில் காயும் இடத்தில் பிரச்சினை தானாகவே பாதி தீர்ந்துவிடுகிறது. மீதிக்குக் காற்றோட்டம் வேண்டும். அதனால் மீன் தொட்டியை அப்படியே எடுத்துப் பயன்படுத்தாதீர்கள். பக்கவாட்டில் வலை வைத்த பெட்டிதான் நமக்குச் சரி. தண்ணீர்க் கிண்ணம் சின்னதாக, குளிர்ப் பக்கத்தில் இருக்கட்டும்.

கரண்ட் போனால்? 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலுக்கு நம்ம ஏரியாவில் எத்தனை தெருக்கள் நாள்கணக்கில் இருட்டில் கிடந்தன என்று எல்லாருக்கும் தெரியும். ஆரோக்கியமான குட்டி ஓரிரு நாள் பல்பு இல்லாமல் சமாளிக்கும். அந்த நாட்களில் வயிறு நிறையப் பூச்சி கொடுக்காதீர்கள். வெப்பம் இல்லாமல் செரிக்காது, வயிற்றிலேயே கெட்டுப்போகும்.

பாடம் 3: வெளிச்சம்

வெப்பம் தரும் பல்பு வேறு, புற ஊதா கதிர் தரும் பல்பு வேறு. இரண்டும் வேண்டும். புற ஊதா கதிரில் பி வகை, அதாவது யுவிபி, தோலில் பட்டால்தான் உடம்பு வைட்டமின் டி3 தயாரிக்கும். டி3 இருந்தால்தான் சாப்பாட்டில் இருக்கும் கால்சியம் ரத்தத்தில் சேரும். சேராவிட்டால் உடம்பு எலும்பிலிருந்து கால்சியத்தைக் கடன் வாங்கும். வேகமாக வளரும் குட்டியின் எலும்பு அந்தக் கடனைத் தாங்காது. தாடை ரப்பர் மாதிரி ஆகும், கால் வளையும், விரல் துடிக்கும். இதற்கு மெட்டபாலிக் போன் டிசீஸ் என்று பெயர். வீட்டில் வளரும் குட்டிகளுக்கு வரும் பெரிய வியாதி இதுதான்.

தண்டையார்பேட்டையில் என் நண்பன் ஒருவன் இரண்டு மாதக் குட்டி ஒன்று வாங்கினான். பல்புக்குக் கீழே எண்ணெயில் போட்ட மாதிரி தட்டையாகப் படுத்துக் கிடக்கும் என்பதால் அதற்குப் பஜ்ஜி என்று பெயர். விற்றவர் அதைச் சாதாரண மஞ்சள் பல்புக்குக் கீழேதான் வைத்திருந்தார். வந்த பத்தாவது நாளே பஜ்ஜி நடக்கும்போது வயிறு தரையில் இழுபட்டது. முன்னங்கால் நடுங்கியது. பூச்சியைப் பார்த்துப் பாயும், ஆனால் கவ்வ முடியாது. டாக்டர் பார்த்ததும் கால்சியம் மருந்தும் யுவிபி ட்யூபும் எழுதிக் கொடுத்தார். இரண்டு மாதத்தில் எழுந்து ஓட ஆரம்பித்துவிட்டது. ஆனால் இடது முன்னங்கால் கொஞ்சம் வளைந்தது வளைந்ததுதான். அது இனி நேராகாது.

அதனால் யுவிபி பற்றி நாலு விஷயம்.

ஒன்று, ஜன்னல் கண்ணாடி யுவிபியை ஏறக்குறைய முழுசாகத் தடுத்துவிடும். ஜன்னலோரம் வைத்தால் வெளிச்சம் வரும், டி3 வராது. இரண்டு, தூரம் கூடக் கூட கதிரின் அளவு வேகமாகக் குறையும். ட்யூப் பாக்கெட்டில் போட்டிருக்கும் தூரத்தை ஸ்கேல் வைத்து அளந்து மாட்டுங்கள். நடுவில் வலை இருந்தால் இன்னும் குறையும். மூன்று, கண்ணுக்கு வெளிச்சம் அப்படியே தெரிந்தாலும் ட்யூபில் யுவிபி மாதக்கணக்கில் தேய்ந்துகொண்டே வரும். கம்பெனி சொன்ன காலத்தில், பொதுவாக ஆறு மாதம் முதல் ஒரு வருஷத்துக்குள், மாற்றிவிட வேண்டும். நான்கு, சூரியன் இலவசம். காலை எட்டு மணி வெயிலில் வலைக்கூடையில் வைத்து 15, 20 நிமிஷம் காட்டலாம். பாதிக் கூடைக்குத் துணி போட்டு நிழல் இருக்கட்டும், நீங்கள் பக்கத்திலேயே இருங்கள். காக்காவும் பருந்தும் நம்ம மாடியில் எப்போதும் ரோந்து சுற்றும். கண்ணாடிப் பெட்டியோடு மட்டும் வெயிலில் வைக்கவே கூடாது. பூட்டிய கார் மாதிரி, சில நிமிஷங்களில் உள்ளே அடுப்பாகிவிடும்.

பாடம் 4: சாப்பாடு

குட்டிக்குப் பெரும்பங்கு பூச்சி, சின்னப் பங்கு கீரை. வளர்ந்த பிறகு அப்படியே தலைகீழ். குட்டிக்கு ஒரு நாளைக்கு இரண்டு மூன்று தடவை, பத்துப் பதினைந்து நிமிஷத்தில் சாப்பிடும் அளவு கொடுக்கலாம். அதன் இரண்டு கண்ணுக்கு நடுவில் இருக்கும் இடைவெளியைவிடப் பெரிய பூச்சி வேண்டாம். மீதிப் பூச்சியைப் பெட்டியில் விட்டுவைக்காதீர்கள், ராத்திரியில் அது குட்டியைக் கடிக்கும்.

பண்ணையில் வளர்த்த கிரிக்கெட் பூச்சி, துபியா கரப்பான், பட்டுப்புழு, கம்போஸ்ட் தொட்டிகளில் வளர்க்கும் கருப்பு ஈயின் புழு எல்லாம் நல்லது. வீட்டுக் கரப்பான் வேண்டாம், யார் வீட்டில் என்ன மருந்து அடித்தார்களோ தெரியாது. மின்மினிப் பூச்சி கூடவே கூடாது. அதன் உடம்பில் இருக்கும் நஞ்சு ஒரு டிராகனைக் கொல்லப் போதும்.

இலை விஷயத்தில் நாம் கொடுத்து வைத்தவர்கள். முருங்கைக்கீரையில் கால்சியம் அதிகம். செம்பருத்திப் பூவும் இலையும் ரொம்பப் பிடிக்கும். துருவிய பூசணி, பொடியாக நறுக்கிய அவரைக்காயும் தரலாம். பாலக்கீரை, சிறுகீரை மாதிரி ஆக்சலேட் அதிகம் உள்ளவை கால்சியத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளும், அதனால் தினமும் வேண்டாம். அவகாடோ கொடுக்கவே கூடாது.

பூச்சியைக் கால்சியம் பவுடரில் புரட்டிக் கொடுக்க வேண்டும். பாஸ்பரஸ் சேர்க்காத பவுடர் என்று பார்த்து வாங்குங்கள். பறவைக் கடைகளில் கடல் நுரை என்று விற்பார்களே, அதுவும் கால்சியம் கார்பனேட்தான். நுரை என்று பெயர் இருந்தாலும் அது கணவாய் மீனின் உள் ஓடு. காசிமேட்டுக்காரர்களுக்கு இதைச் சொல்லித் தர வேண்டியதில்லை.

தரையில் மணல் போட வேண்டாம். பாலைவனம் மாதிரி அழகாகத்தான் இருக்கும். ஆனால் குட்டி பூச்சியோடு மணலையும் விழுங்கி, குடல் அடைத்துக்கொள்ளும். பழைய பேப்பர் போதும்.

பாடம் 5: அதன் மொழி

இந்தப் பாடத்தில்தான் நிறைய பேர் தப்பாகப் படிக்கிறார்கள். ரீல்ஸில் 'க்யூட்' என்று லைக் வாங்குவதில் பாதி, பயத்தின் அடையாளம்.

கை ஆட்டுவது: ஒரு முன்னங்காலைத் தூக்கி மெதுவாக வட்டமாக ஆட்டும். டாட்டா காட்டுகிறது என்று நினைப்போம். உண்மையில் அது "நான் சின்னவன், உங்கூட சண்டைக்கு வரலை" என்று சொல்கிறது. குட்டி உங்களைப் பார்க்கும்போதெல்லாம் இப்படிச் செய்தால், நீங்கள் இன்னும் அதற்கு ஒரு ராட்சசன்தான்.

தலையாட்டுவது: வேகமாக மேலும் கீழும் ஆட்டினால் "இது என் ஏரியா" என்று அர்த்தம். வளர்ந்த ஆண்கள் அதிகம் செய்யும்.

தாடி கருப்பது: கோபம், பயம், வலி எதுவாகவும் இருக்கலாம். அந்த நேரத்தில் கையை விடாதீர்கள். நாள் முழுக்க தாடி கருப்பாகவே இருந்தால் உடம்பையும் பெட்டியையும் சோதித்துப் பாருங்கள்.

வாய் திறந்திருப்பது: சூட்டுப் பக்கத்தில் வாயைத் திறந்து உட்கார்ந்திருந்தால் அதிகப்படி வெப்பத்தை வெளியே விடுகிறது, கவலை வேண்டாம். குளிர்ப் பக்கத்திலும் வாய் திறந்தே இருந்தால், மூச்சில் சத்தமும் வந்தால், நுரையீரலில் நோய்த்தொற்று இருக்கலாம். உடனே டாக்டர்.

தட்டையாவது: பல்புக்குக் கீழே தட்டையானால் வெயில் காய்கிறது. உங்கள் பக்கம் திரும்பி, உடம்பைச் சாய்த்துத் தட்டையாக்கினால் தன்னைப் பெரிதாகக் காட்டி மிரட்டுகிறது. ஒரே போஸ், இரண்டு அர்த்தம். இடத்தை வைத்துத்தான் படிக்க வேண்டும்.

நிறம்: காலையில் கருத்துப் போயிருந்தால் பயப்பட வேண்டாம். கருப்பு வெப்பத்தை அதிகம் உறிஞ்சும், உடம்பு சூடானதும் வெளுத்துவிடும்.

கண்ணை மூடுவது: தலையைத் தடவும்போது கண்ணை மூடினால் சொக்கிப் போய்விட்டது என்று நினைக்காதீர்கள். தப்பிக்க வழியில்லாத பிராணி கண்ணை மூடிக்கொள்வதும் உண்டு. உடம்பு தளர்வாக, மூச்சு சீராக, கையை எடுத்த பிறகும் ஓடாமல் அங்கேயே இருக்கிறதா என்று பாருங்கள். அதுதான் உண்மையான பதில்.

கண்ணாடியைப் பிராண்டுவது: இடம் போதவில்லை, சூடு அதிகம், அல்லது கண்ணாடியில் தன் உருவத்தையே எதிரி என்று நினைத்துக்கொண்டிருக்கிறது.

இன்னொரு ரகசியம், இதற்கு நெற்றிக்கண் உண்டு. தலை உச்சியில் வெளிறிய ஒரு செதில் தெரியும். அதன் கீழே இருக்கும் உறுப்பு படம் பார்க்காது, வெளிச்சமும் நிழலும் மட்டும் உணரும். மேலே நிழல் விழுந்தால் அதற்கு ஒரே அர்த்தம்தான்: பருந்து. மேலிருந்து கையைக் கொண்டுபோய்த் தூக்கினால் குட்டி துள்ளி ஓடுவது இதனால்தான்.

மந்த புத்தி என்றும் நினைத்துவிடாதீர்கள். இங்கிலாந்தின் லிங்கன் பல்கலைக்கழகத்தில் நடந்து 2014-ல் வெளியான ஆய்வு ஒன்று உண்டு. பழக்கப்பட்ட ஒரு டிராகன் கம்பிக் கதவைத் தலையால் தள்ளித் திறப்பதை மற்ற டிராகன்களுக்கு வீடியோவில் காட்டினார்கள். பார்த்தவை அதே மாதிரி திறந்தன. பார்க்காத குழுவில் ஒன்றுகூடத் திறக்கவில்லை. 2016-ல் ஜெர்மனியின் மாக்ஸ் பிளாங்க் நிறுவன விஞ்ஞானிகள் தூங்கும் டிராகனின் மூளையைப் பதிவு செய்தார்கள். நம்மைப் போலவே அதற்கும் ஆழ்ந்த தூக்கமும், கண் அசையும் தூக்கமும் மாறி மாறி வருகிறது. அதனால் ராத்திரி முழு இருட்டு வேண்டும். சிவப்பு பல்பும் வேண்டாம், தூங்கும்போது எடுத்துக் காட்டி நண்பர்களிடம் சீன் போடவும் வேண்டாம்.

பாடம் 6: நான்கு வாரம்

முதல் வாரம், தொடாதீர்கள். சாப்பாடு, தண்ணீர், சுத்தம் மட்டும். பெட்டியின் மூன்று பக்கத்தைப் பேப்பரால் மூடினால் பயம் குறையும். ஒளிந்துகொள்ள ஒரு உடைந்த மண்சட்டி கொடுங்கள். நீங்கள் பக்கத்தில் உட்கார்ந்து செமஸ்டர் பாடத்தைப் படியுங்கள். நீங்கள் இருந்தும் ஒன்றும் ஆகவில்லை என்பதுதான் அது கற்கும் முதல் பாடம்.

இன்னொன்று, நம்ம ஏரியாவுக்கே உரியது. கன்டெய்னர் லாரி போகும் ரோட்டோரம் வீடு என்றால் சுவரே அதிரும். அந்தச் சுவரை ஒட்டிப் பெட்டியை வைக்காதீர்கள். பெட்டிக்குக் கீழே கனமான ரப்பர் ஷீட் ஒன்று போடுங்கள். அதிர்வு நமக்குப் பழகிவிட்டது, அதற்கு இல்லை.

இரண்டாம் வாரம், கையை உள்ளே வைத்துச் சும்மா இருங்கள். தினமும் ஒரே நேரம், ஐந்து நிமிஷம். பக்கவாட்டிலிருந்து, தரையோடு தரையாக. அது வந்து நாக்கால் தொட்டுப் பார்க்கும், பார்க்கட்டும். இடுக்கியில் பூச்சி பிடித்துக் கொடுக்க ஆரம்பிக்கலாம்.

மூன்றாம் வாரம், உள்ளங்கையில் செம்பருத்தி இதழை வைத்துக் காட்டுங்கள். அது கைமேல் ஏறினால் அன்றைக்கு அவ்வளவு போதும். தூக்க வேண்டும் என்றால் நெஞ்சுக்குக் கீழே விரலை நுழைத்து, நான்கு காலுக்கும் பிடிமானம் கொடுத்துத் தூக்குங்கள். வாலைப் பிடிக்கவே கூடாது. வீட்டுப் பல்லிக்கு வால் திரும்ப முளைக்கும், இதற்கு முளைக்காது.

நான்காம் வாரம், தரையில் உட்கார்ந்து மடியில் விடுங்கள். பத்து நிமிஷம், பிறகு சூட்டுப் பக்கத்துக்கே திருப்பி விடுங்கள். சாப்பிட்ட உடனே தூக்காதீர்கள். தாடி கருத்தால் ஒரு படி பின்னால் போங்கள். அரியர் வைத்த மாதிரி வெட்கப்பட ஒன்றும் இல்லை. சில குட்டிக்கு நான்கு வாரம் போதும், சிலதுக்கு நான்கு மாதம் ஆகும். பஜ்ஜிக்கு மூன்று மாதம் ஆனது. கால் வலியோடு இருந்த நாட்களில் அது யாரையும் பக்கத்தில் விடவில்லை. வலி போன பிறகுதான் மற்றதெல்லாம் நடந்தது.

தோழமைக்கு இன்னொரு குட்டியை வாங்கிப் போடாதீர்கள். ஒன்றின் வாலையும் விரலையும் இன்னொன்று கடித்துவிடும். இது தனியாக வாழும் பிராணி.

தொட்ட பிறகு சோப்பு போட்டுக் கை கழுவுங்கள். ஊர்வனவற்றின் உடம்பில் சால்மொனெல்லா இருக்கலாம். வீட்டில் ஐந்து வயதுக்குக் கீழே குழந்தை இருந்தால் கூடுதல் கவனம். தண்ணீர்க் கிண்ணத்தைச் சமையல் சிங்க்கில் கழுவினால் அம்மா திட்டுவது நியாயம்தான்.

ஒரு வயதுக்குள் இருக்கும் குட்டி சாப்பிடாமல் நாள்கணக்கில் தூங்கினால், "குளிர்கால உறக்கம்" என்று நீங்களே முடிவு செய்யாதீர்கள். அது பெரியவற்றுக்கு வருவது. குட்டிக்கு அது வியாதியின் அறிகுறி. நம்ம பக்கம் என்றால் வேப்பேரியில் சென்னை கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கிறது. 1903-ல் தொடங்கியது, பேசின் பிரிட்ஜ் தாண்டினால் பக்கம்தான்.

வாங்கும் முன்

சென்னை விமான நிலையத்தில் பாங்காக்கிலிருந்து வரும் பெட்டிகளுக்குள் பாம்பு, பல்லி, ஆமை என்று அடைத்துக் கொண்டுவந்ததைச் சுங்கத்துறை பலமுறை பிடித்திருக்கிறது. துணிப்பைக்குள் திணித்து, காற்றில்லாமல் வரும் உயிர்கள் அவை. நாம் ஆதாரம் கேட்காமல் வாங்கும் ஒவ்வொரு குட்டியும் அந்தப் பெட்டிக்கு அடுத்த டிக்கெட் எடுத்துக் கொடுக்கிறது. அதனால் எங்கே பிறந்தது, யார் வளர்த்தது என்று கேளுங்கள், பில் வாங்குங்கள். "அதெல்லாம் எதுக்கு தம்பி" என்று பதில் வந்தால் கடையை விட்டு வெளியே வாருங்கள்.

சட்டமும் மாறியிருக்கிறது. காட்டுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் 2022 திருத்தம் 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. சைட்டிஸ் என்ற சர்வதேச ஒப்பந்தப் பட்டியலில் உள்ள அயல்நாட்டு உயிர்களை வைத்திருப்பவர்கள் அரசின் பரிவேஷ் தளத்தில் பதிவு செய்ய வேண்டும். பால் பைத்தான், பச்சை இகுவானா எல்லாம் அந்தப் பட்டியலில் வருபவை. எந்த ஊர்வனவற்றை வாங்கினாலும் அன்றைய தேதியில் பட்டியலைப் பார்த்துவிட்டு வாங்குங்கள். நட்சத்திர ஆமை, உடும்பு, பச்சைக்கிளி மாதிரி நம்ம நாட்டு உயிர்களை வீட்டில் வைத்திருப்பதே குற்றம்.

இப்போது அந்தப் பத்து வருஷக் கணக்கு. நமக்கு வயது 20, 21. அடுத்த வருஷம் பிளேஸ்மென்ட் பெங்களூரா, புனேவா என்று யாருக்கும் தெரியாது. பிஜி ரூமில் நாலடி நீளப் பெட்டிக்கு இடம் கிடைக்காது. குட்டியை வாங்குவது நீங்கள், பத்து வருஷம் பூச்சி போடப் போவது அம்மாவா? அவரிடம் கேட்டீர்களா? "வேலை கிடைச்சதும் எங்கேயாவது விட்டுடலாம்" என்பது பதில் இல்லை. எண்ணூர் கழிமுகத்தின் புதரில் விட்டால் அது சுதந்திரம் ஆகாது. ஈரத்திலும் காக்காவிடமும் மாட்டி அது சாகும். சாகாமல் பிழைத்தால் அதன் நோய் நம்ம ஓணானுக்குத் தொற்றலாம். கடைசி வருஷத்தில் இருப்பவர்கள் இப்போதைக்கு வாங்காமல் இருப்பதே அந்தக் குட்டிக்குச் செய்யும் நல்லது. ஏற்கெனவே வைத்திருப்பவர்கள், நீங்கள் ஊருக்குப் போனால் யார் பார்ப்பார்கள் என்று இன்றைக்கே ஒரு பெயரை முடிவு செய்து, அவரையும் பெட்டிப் பக்கத்தில் உட்கார வையுங்கள். அந்தக் கையும் அதற்குப் பழக வேண்டும்.

வீட்டுப்பாடம்

பைசா செலவில்லாத ஒரு ப்ராக்டிகல். ரயில்வே தண்டவாள ஓரம், காலி மனை, சீமைக்கருவேலம் புதர் எங்கேயும் ஓணான் இருக்கும். ஒரே ஓணானை ஏழு நாள், காலை எட்டு மணிக்கு, பத்தடி தள்ளி நின்று பாருங்கள். நோட்டில் எழுதுங்கள்:

1. எந்தப் பக்கம் திரும்பி வெயில் காய்கிறது? எத்தனை நிமிஷம் கழித்து நிழலுக்குப் போகிறது?
2. நிறம் எப்போது மாறுகிறது?
3. தலையை எப்போது ஆட்டுகிறது? எதிரே யார் இருக்கிறார்கள்?
4. எத்தனை அடி பக்கத்தில் போனால் ஓடுகிறது? ஏழாம் நாள் அந்தத் தூரம் குறைந்திருக்கிறதா?

நான்காவது கேள்விக்கு வரும் எண்தான் இந்தப் பாடம் முழுவதற்கும் மதிப்பெண். ஏழு நாள் ஒரே நேரத்தில், ஒரே இடத்தில், ஒன்றும் செய்யாமல் நிற்கிற பொறுமை உங்களிடம் இருந்தால் பியர்டட் டிராகன் வளர்க்கத் தேவையான பெரிய தகுதி உங்களிடம் இருக்கிறது. மூன்றாம் நாளே போரடித்துவிட்டால் அதுவும் நல்ல ரிசல்ட்தான். ஒரு குட்டி பிழைத்தது.